பட்டன் போனில் மெசேஜ்: எது ஓடும், எது ஓடாது, எப்படி அமைப்பது

பட்டன் போனில் வாட்ஸ்அப் வருமா என்று கேட்பவர்களுக்கு முதலிலேயே பதிலைச் சொல்லிவிடுகிறேன்: வராது. ஒரு காலத்தில் வந்தது. நோக்கியாவின் எஸ்60 என்ற மென்பொருள் ஓடிய போன்களில் 2017 ஜூன் 30-ஓடும், எஸ்40 மென்பொருள் ஓடிய போன்களில் 2018 டிசம்பர் 31-ஓடும் நின்றுபோனது. அதே 2018 செப்டம்பரில் ஜியோபோனுக்கு வாட்ஸ்அப் வந்து, ஊர்ப்பக்கமெல்லாம் பட்டன் போனிலேயே குட்மார்னிங் படங்கள் பறந்தன. அதுவும் நிலைக்கவில்லை. ஜியோபோனில் இருக்கும் கைஓஎஸ் என்ற இயங்குதளத்தின் ஆப் ஸ்டோரிலிருந்து 2024 ஜூன் 25-ல் வாட்ஸ்அப்பை எடுத்துவிட்டார்கள். ஏற்கெனவே வைத்திருந்தவர்களுக்கும் 2025 தொடக்கம் வரைதான் கெடு.

அப்படியானால் பட்டன் போனில் இன்றைக்கு நம்பி வைத்துக்கொள்ளக்கூடியது எஸ்எம்எஸ்தான். அதை ஒழுங்காக அமைக்காமலேயே "இது சரிப்படாது" என்று விட்டுவிடுகிறவர்கள்தான் அதிகம். அதனால் இங்கே பெரும்பகுதி அதற்கே போகும். வாட்ஸ்அப்பை வேறு வழியில் வைத்துக்கொள்வது, பழைய ஜாவா ஆப்களை ஓட்டிப் பார்ப்பது எல்லாம் அதற்குப் பிறகு. ரீசார்ஜ், சிம் விவரங்கள் இந்தியாவுக்கானவை.

படி 1: கையில் இருப்பது எந்த ரகம்?

எல்லாவற்றுக்கும் பட்டன் போன் என்றே பெயர் சொல்கிறோம். உள்ளே இருப்பவை வேறு வேறு.

நோக்கியா 1100, 1110 போன்றவற்றில் பேச்சும் எஸ்எம்எஸ்ஸும் மட்டும்தான். ஆப் எதையும் ஏற்ற முடியாது. அடுத்தது ஜாவா ரகம்: நோக்கியா 2700 கிளாசிக், 5130 எக்ஸ்பிரஸ்மியூசிக், ஆஷா வரிசை, அந்தக் காலத்து சாம்சங், சோனி எரிக்சன். இவற்றில் ஜார் ஃபைல்களை, அதாவது ஜாவா ஆப்களின் இன்ஸ்டால் ஃபைல்களை, ஏற்றலாம். மூன்றாவது, கைஓஎஸ் ரகம்: ஜியோபோன், நோக்கியா 8110 4ஜி. நான்காவது, இப்போது கடையில் புதிதாக விற்கும் 4ஜி பட்டன் போன்கள்: ஜியோபாரத், நோக்கியா 110 4ஜி முதலியவை. ஆண்ட்ராய்டு ஓடும் கீபேட் போன்களும் உண்டு, ஆனால் நம் பக்கம் அபூர்வம்.

எந்த ரகம் என்று தெரியவில்லையா? போனை அணைத்து, பேட்டரியைக் கழற்றி, அடியில் ஒட்டியிருக்கும் லேபிளைப் பாருங்கள். மாடல் எண் அதில் இருக்கும். பழைய நோக்கியாவில் *#0000# அடித்தால் மென்பொருள் பதிப்பும், ஆர்எம் அல்லது ஆர்எச் என்று தொடங்கும் வகை எண்ணும் திரையில் வரும். லேபிளில் "மேட் இன் இந்தியா" என்று இருந்தால், 2006 முதல் 2014 நவம்பர் வரை ஓடிய ஸ்ரீபெரும்புதூர் ஆலையிலிருந்து வந்ததாக இருக்க வாய்ப்பு அதிகம்.

கழற்றிய பேட்டரியை அப்படியே மேசைமேல் படுக்கவைத்து ஒரு சுழற்று சுழற்றிப் பாருங்கள். தட்டையாக இருந்தால் உடனே நின்றுவிடும். பம்பரமாகச் சுற்றினால் உப்பியிருக்கிறது, மாற்றிவிடுங்கள். பிஎல்-5சி போன்ற பேட்டரிகள் இன்றும் சின்ன ஊர்க் கடைகளில்கூடக் கிடைக்கின்றன.

படி 2: சிம்மும் டவரும்

ஜியோ நெட்வொர்க் முழுக்க 4ஜி, 5ஜி. 2ஜி, 3ஜி போனில் ஜியோ சிம்மைப் போட்டால் டவரே காட்டாது. சிம் கெட்டுவிட்டது என்று நினைத்துக் கடைக்கு ஓடுகிறவர்கள் பலர். பழைய போனுக்கு ஏர்டெல், வி (வோடஃபோன் ஐடியா), பிஎஸ்என்எல் இவற்றில் உங்கள் வீட்டுக்குள் எதன் 2ஜி சிக்னல் நன்றாக நிற்கிறதோ அதை எடுங்கள். போன் 3ஜி என்று பெருமைப்பட்டுக்கொள்ளத் தேவையில்லை. ஏர்டெல் 3ஜி-யை மூடிவிட்டதால், அந்த சிம்மோடு அது 2ஜி-யில்தான் ஓடும். எஸ்எம்எஸ்ஸுக்கு 2ஜி தாராளம்.

இப்போது வரும் நானோ சிம் பழைய போனின் பெரிய சிம் இடத்தில் உட்காராது. பிளாஸ்டிக் அடாப்டர் வேண்டும். அடாப்டரை சிம் இல்லாமல் காலியாக உள்ளே தள்ளாதீர்கள். வெளியே இழுக்கும்போது போனின் பின்கள் மாட்டி வளைந்துவிடும்.

ரீசார்ஜில் ஒரு நல்ல சேதி உண்டு. நெட் தேவைப்படாதவர்களுக்காக, பேச்சும் எஸ்எம்எஸ்ஸும் மட்டும் உள்ள பேக் ஒன்றாவது கட்டாயம் தர வேண்டும் என்று தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமான டிராய் 2024 டிசம்பரில் விதி கொண்டுவந்தது. அதன் பிறகு எல்லா நிறுவனங்களும் அப்படி பேக் விட்டிருக்கின்றன. நெட் கலந்த பேக்குகளைப் போல முன்னால் நின்று கண்ணில் படாது. கடையில் "வாய்ஸ் ஒன்லி பேக்" என்று கேட்டு வாங்குங்கள். அந்த பேக்குகளில் பெரும்பாலும் நாளுக்கு இத்தனை என்று இல்லாமல் மொத்தமாக ஒரு எஸ்எம்எஸ் எண்ணிக்கை தருவார்கள். அது எத்தனை என்று பார்த்துக்கொள்ளுங்கள். ஏன் என்பது படி 4-ல் வரும்.

படி 3: ஸ்மார்ட்போனிலிருந்து மாறுகிறவர்கள் முதலில் செய்ய வேண்டியது

இதைச் செய்யாமல் சிம்மை மாற்றினால், நண்பர்கள் அனுப்பும் மெசேஜ்கள் உங்களுக்கு வராமலேயே போகும். யார் மேலும் தப்பில்லை, அவர்கள் போன் உங்களை இன்னும் ஸ்மார்ட்போனில் இருப்பவராகவே நினைத்துக்கொண்டிருக்கிறது.

ஆண்ட்ராய்டில் கூகுள் மெசேஜஸ் ஆப் பயன்படுத்துகிறவர்களுக்கு பெரும்பாலும் ஆர்சிஎஸ் என்ற சாட் வசதி ஆன் ஆகியிருக்கும். இரு பக்கமும் ஆர்சிஎஸ் இருந்தால் மெசேஜ் எஸ்எம்எஸ்ஸாகப் போகாமல் நெட் வழியாகப் போகும். அதைப் பட்டன் போன் பிடிக்காது. சிம்மைக் கழற்றும் முன் ஆப்பின் அமைப்புகளில் ஆர்சிஎஸ் சாட்டை ஆஃப் செய்யுங்கள். சிம்மை ஏற்கெனவே மாற்றிவிட்டீர்களா? கூகுள் மெசேஜஸ் தளத்தில் எண்ணை விலக்கிக்கொள்ள ஒரு பக்கம் இருக்கிறது. எண்ணைக் கொடுத்தால் ஆறு இலக்கக் குறியீடு பட்டன் போனுக்கு எஸ்எம்எஸ்ஸாக வரும். அதைப் பதிந்தால் முடிந்தது. ஐபோனிலிருந்து வருகிறவர்கள் ஐமெசேஜை ஆஃப் செய்ய வேண்டும். ஆப்பிள் தளத்திலும் இதேபோல ஒரு பக்கம் உண்டு.

வாட்ஸ்அப்பை முழுக்க விடப்போகிறீர்கள் என்றால், ஆப்பை நீக்கினால் மட்டும் போதாது. அமைப்புகளில் அக்கவுண்ட் பகுதிக்குப் போய்க் கணக்கையே அழியுங்கள். இல்லாவிட்டால் 120 நாள் செயல்படாமல் கிடந்து தானாக அழியும் வரைக்கும் உங்கள் பெயர் மற்றவர்கள் பட்டியலில் இருக்கும். அவர்கள் அனுப்புவார்கள், ஒற்றை டிக்கோடு நிற்கும், கல்யாணத்துக்குக் கூப்பிட்டும் பதிலே இல்லை என்று வருத்தம் வரும். அழிக்கும் முன் உங்கள் குரூப்களில் ஒரு வரி போட்டுவிடுங்கள்: "இனி எஸ்எம்எஸ் அனுப்புங்கள், அல்லது கூப்பிடுங்கள்."

படி 4: எஸ்எம்எஸ்ஸைச் சரியாக அமைப்பது

முதலில் மெசேஜ் சென்டர் எண், அதாவது நம் எஸ்எம்எஸ்ஸை வாங்கி அடுத்தவருக்கு அனுப்பும் நிலையத்தின் எண். எஸ்எம்எஸ் போகவே மாட்டேன் என்றால் பாதி நேரம் காரணம் இதுதான். நோக்கியாவில் மெசேஜஸ், செட்டிங்ஸ், டெக்ஸ்ட் மெசேஜஸ் என்று போனால் மெசேஜ் சென்டர் என்று இருக்கும். வழக்கமாக சிம்மே அந்த எண்ணைக் கொண்டுவந்துவிடும். காலியாக இருந்தால், உங்கள் பகுதியில் அதே நிறுவனத்தின் சிம் உள்ள இன்னொரு போனில் பார்த்து +91-ஓடு அப்படியே எழுதுங்கள். கஸ்டமர் கேரில் கேட்டாலும் சொல்வார்கள்.

அதே இடத்தில் இன்னும் மூன்றைப் பாருங்கள். டெலிவரி ரிப்போர்ட்டை ஆன் செய்தால், போய்ச் சேர்ந்ததும் தகவல் வரும். வாட்ஸ்அப்பின் இரட்டை டிக்குக்கு இதுதான் அண்ணன். மெசேஜ் வேலிடிட்டியை அதிகபட்சத்தில் வையுங்கள். எதிர்முனைப் போன் அணைந்திருந்தாலும் மெசேஜ் சென்டரில் காத்திருந்து பிறகு போகும். ஒரு மணி நேரம் என்று வைத்திருந்தால் அதற்குள் போனை ஆன் செய்யாவிட்டால் போச்சு. கேரக்டர் சப்போர்ட் என்று ஒன்று இருந்தால் அது ஃபுல் என்பதில் இருக்கட்டும்.

அடுத்தது தமிழ். ஸ்மார்ட்போனிலிருந்து அந்தப் போனுக்கு "வணக்கம்" என்று ஒரு எஸ்எம்எஸ் அனுப்பிப் பாருங்கள். ஒழுங்காகத் தெரிந்தால் தமிழ் எழுத்துரு இருக்கிறது. கட்டம் கட்டமாகத் தெரிந்தால் இல்லை, பழைய போனில் வெளியிலிருந்து ஏற்றவும் முடியாது. அந்தப் போனுக்கு அனுப்புகிற எல்லோரும் ஆங்கில எழுத்தில் தமிழை அடிக்க வேண்டியதுதான்.

தமிழ் தெரிந்தாலும் ஒரு கணக்கு இருக்கிறது. ஆங்கில எழுத்தில் ஒரு எஸ்எம்எஸ்ஸுக்கு 160 எழுத்து. தமிழில் 70-தான். அந்த 70-ம் நாம் எண்ணுகிற 70 அல்ல. "அம்மா நல்லா இருக்கீங்களா" என்பதை எடுத்துக்கொள்ளுங்கள். நம் கண்ணுக்கு 13 எழுத்து, இரண்டு இடைவெளி. போனுக்கு 24. புள்ளியும் காலும் கொம்பும் அதற்குத் தனித்தனி எழுத்து: "க்" இரண்டு, "மா" இரண்டு, "கீ" இரண்டு. 70-ஐத் தாண்டினால் துண்டுகளாகப் பிரியும். அப்போது துண்டுகளை ஒட்டுவதற்கான தகவலுக்கும் இடம் போய், ஒரு துண்டுக்கு 67-தான் மிஞ்சும். நீளமாக ஒரு தமிழ்க் கடிதம் எழுதினால் பேக்கிலிருந்து ஐந்தாறு எஸ்எம்எஸ் ஒரே மூச்சில் கழியும். இதனால்தான் பேக்கில் எத்தனை என்று பார்க்கச் சொன்னேன்.

இதில் இன்னொரு கண்ணி: ஆங்கில எழுத்தில் 150 எழுத்து அடித்துவிட்டுக் கடைசியில் ஒரே ஒரு தமிழ் எழுத்தோ எமோஜியோ போட்டால், மெசேஜ் முழுவதும் 70 கணக்குக்கு மாறிவிடும். ஒன்றாகப் போக வேண்டியது மூன்றாகப் போகும். பட்டன் போனுக்கு அனுப்புகிற ஸ்மார்ட்போன்காரர்களுக்கு இதைச் சொல்லிவையுங்கள். கும்பிடு எமோஜி அங்கே வெறும் கட்டமாகத்தான் தெரியும், காசும் கூடப் போகும்.

ஆங்கில எழுத்தில் தமிழ் அடிக்கிறவர்கள், சொல்லை ஊகித்துப் போடும் டி9 டிக்ஷனரியை ஆஃப் செய்துவிட வேண்டும். அது ஆங்கிலச் சொல்லைத் தேடிக்கொண்டு, நாம் அடிப்பதையெல்லாம் மாற்றும். பெரும்பாலான நோக்கியாக்களில் எழுதும்போது # பட்டனைச் சட்டென்று இருமுறை அழுத்தினால் ஆன், ஆஃப் மாறும்.

பிறகு இடப் பிரச்சினை. திரையின் மேலே உறை மாதிரி ஒரு குறி விட்டு விட்டு மின்னினால், மெசேஜ் வைக்க இடம் இல்லை என்று அர்த்தம். அழிக்கும் வரை புதிது உள்ளே வராது. வயதானவர்கள் வீட்டில் இதைக் கவனிக்கவே மாட்டார்கள், ஓடிபி வரவில்லை என்று மட்டும் சொல்வார்கள். நிரப்புவது பெரும்பாலும் விளம்பரங்கள்தான். ஆங்கிலத்தில் ஸ்டார்ட் என்று அடித்து, இடைவெளி விட்டு, 0 போட்டு 1909-க்கு அனுப்புங்கள். விளம்பரம் பெருமளவு குறையும். பேங்க் தகவலும் ஓடிபியும் தொடர்ந்து வரும்.

இவ்வளவும் முடிந்தபின் செய்ய வேண்டிய ஒரு சௌகரியம்: டெம்ப்ளேட். நோக்கியாவில் டெம்ப்ளேட்ஸ் என்று ஒரு ஃபோல்டர் இருக்கும், உள்ளே ஆங்கில வாசகங்களாக இருக்கும். அவற்றுக்குப் பதிலாக "ஊருக்கு வந்து சேர்ந்தேன்", "மாத்திரை போட்டாச்சு", "கூப்பிடு" என்று அந்த வீட்டுக்கு வேண்டியதை வையுங்கள். அடிக்கத் தெரியாதவர்கள்கூட எடுத்து அனுப்புவார்கள். குடும்பத்தில் பலருக்கும் ஒரே மெசேஜ் அனுப்ப, பல மாடல்களில் டிஸ்ட்ரிபியூஷன் லிஸ்ட் என்று ஒரு வசதி உண்டு. அது குரூப் சாட் அல்ல. பதில் உங்களுக்கு மட்டும்தான் வரும், அதை நான் ஒரு நிறையாகவே பார்க்கிறேன். பத்துப் பேருக்கு அனுப்பினால் பத்து எஸ்எம்எஸ் கணக்கு என்பது மட்டும் நினைவிருக்கட்டும்.

படி 5: வாட்ஸ்அப் இல்லாமல் முடியாது என்றால்

பள்ளிக்கூட குரூப், அலுவலக குரூப் என்று சிலருக்கு விட முடியாது. வாட்ஸ்அப் கணக்கு தொடங்கத் தேவை எண்ணும் ஓடிபியும் மட்டும்தான். அதனால் சிம் பட்டன் போனில் இருக்க, வீட்டில் சும்மா கிடக்கும் பழைய ஆண்ட்ராய்டு போனில் வைஃபை வழியாக வாட்ஸ்அப்பை ஓட்டுவது பலரும் செய்து வந்தது. ஓடிபி பட்டன் போனுக்கு வரும், பார்த்துப் பதிய வேண்டும், அவ்வளவுதான். அந்தப் பழைய போன் ஆண்ட்ராய்டு 5.0-க்குக் கீழே இருந்தால் ஆகாது. இரண்டடுக்குச் சரிபார்ப்புக்கான ரகசிய எண்ணை மறக்காமல் வையுங்கள்.

ஆனால் இதை நம்பி எல்லாவற்றையும் மாற்றிவிடாதீர்கள். பதிவு செய்த சிம் அந்தப் போனிலேயே இருந்தால்தான் மெசேஜிங் ஆப் ஓட வேண்டும் என்று இந்தியத் தொலைத்தொடர்புத் துறை 2025 நவம்பர் 28-ல் வாட்ஸ்அப், டெலிகிராம், சிக்னல் உள்ளிட்ட ஆப்களுக்கு உத்தரவிட்டது. இது அமலாகும் இடத்தில் மேலே சொன்ன வழி அடைபட்டுவிடும். அப்போது வாட்ஸ்அப்புக்கென்று தனியாக ஒரு சிம் போட்டு அந்தப் பழைய ஆண்ட்ராய்டிலேயே வைப்பதுதான் தொல்லையில்லாத வழி. செலவு கொஞ்சம் கூடும்.

புதிதாக வாங்குகிறவர்களுக்கு ஒன்று. ஜியோபாரத் போன்களில் ஜியோசாட் என்ற மெசேஜ் ஆப் இருக்கிறது. குரல் மெசேஜ், படம், குரூப் எல்லாம் அதில் முடியும். ஆனால் எதிர்முனையில் இருப்பவரும் ஜியோசாட் வைத்திருக்க வேண்டும். நான்கு பேர் கொண்ட குடும்பத்துக்கு இது ஒத்துவரும். ஊர் முழுக்கத் தொடர்பு வேண்டுமென்றால் ஒத்துவராது. பெட்டியின் மேல் "சாட்" என்று போட்டிருந்தால் அது வாட்ஸ்அப் என்று எடுத்துக்கொள்ள வேண்டாம், கடையிலேயே போட்டுக் காட்டச் சொல்லுங்கள்.

படி 6: ஜாவா ஆப்கள், ஆர்வமிருப்பவர்களுக்கு

நிம்பஸ், இபட்டி, மிக்33. கல்லூரி விடுதிகளில் போர்வைக்குள் ஒளிந்துகொண்டு இவற்றில் அரட்டை அடித்த ஒரு தலைமுறை உண்டு. அந்த ஜார் ஃபைல்கள் இன்றும் கிடைக்கும், ஏறவும் ஏறும். உள்ளே நுழையத்தான் முடியாது. எதிரே பேசிய சர்வர்கள் மூடிவிட்டன. ஜிம் என்ற ஜாவா ஆப் வழியாக எட்டிப் பார்த்த ஐசிக்யூ என்ற பழைய அரட்டைச் சேவைகூட 2024 ஜூன் 26-ல் மூடப்பட்டது. சர்வர் இருக்கும் சேவைகளிலும் இன்னொரு தடை: இப்போதைய தளங்கள் கேட்கும் டிஎல்எஸ் 1.2 குறியாக்கம் (நெட்டில் போவதை வேறு யாரும் படிக்க முடியாமல் பூட்டும் முறை) அந்தக் காலத்துப் போன்களுக்குத் தெரியாது. தளம் அசல்தானா என்று சரிபார்க்க உள்ளே இருக்கும் சான்றிதழ்களும் காலாவதியானவை.

இருந்தும் ஓட்டிப் பார்க்க ஆசை என்றால், வரிசை இதுதான். போனின் தேதியைச் சரி செய்யுங்கள். பேட்டரி கழற்றிய பழைய போன் பல வருடம் பின்னால் போய் நிற்கும், அப்போது எந்தச் சான்றிதழும் செல்லாது. போன் எந்த வழியாக நெட்டில் சேர வேண்டும் என்று சொல்லும் ஏபிஎன் பெயரை அமையுங்கள்: ஏர்டெலுக்கு ஏர்டெல்ஜிபிஆர்எஸ் டாட் காம், பிஎஸ்என்எல்லுக்குப் பிஎஸ்என்எல்நெட், இரண்டையும் ஆங்கிலச் சின்ன எழுத்தில் சேர்த்து எழுத வேண்டும். ஜார் ஃபைலை மெமரி கார்டிலோ புளூடூத்திலோ ஏற்றி, கேலரியிலிருந்து திறந்தால் இன்ஸ்டால் ஆகும். "நம்பகமற்ற ஆப்" என்று எச்சரிக்கும். ஃபைல் பெரிது என்று மறுத்தால் அந்த மாடலின் வரம்பு அவ்வளவுதான், சிறிய பதிப்பைத் தேடுங்கள். ஆப் அக்சஸ் என்ற இடத்தில் நெட் அனுமதியை "முதல் முறை மட்டும் கேள்" என்று வைக்காவிட்டால், ஒவ்வொரு முறையும் கேட்டு உயிரை வாங்கும்.

இன்றும் உயிரோடிருப்பது குறியாக்கம் கேட்காத பழைய வழிகள். ஜேஎம்ஐஆர்சி என்ற சின்ன ஆப்பில் ஐஆர்சி என்ற பழைய எழுத்து அரட்டையை ஓட்டலாம். லிபெரா சாட் என்ற ஐஆர்சி நெட்வொர்க் இன்னும் 6667 போர்ட்டில் குறியாக்கமில்லாத இணைப்பை ஏற்கிறது. பாம்பஸ் ஆப்பில் எக்ஸ்எம்பிபி என்ற இன்னொரு அரட்டை முறை ஓடும், ஆனால் பொதுச் சர்வர்கள் குறியாக்கம் கேட்பதால், புரோசோடி என்ற மென்பொருளை வைத்துச் சொந்தமாகச் சர்வர் ஒன்றை நிறுவி அந்தக் கட்டாயத்தை நீக்க வேண்டியிருக்கும். டெலிகிராமுக்கும் டிஸ்கார்டுக்கும் ஆர்வலர்கள் ஜாவா ஆப்கள் எழுதியிருக்கிறார்கள். டெலிகிராமுக்கான எம்பிகிராம் நடுவில் ஒரு சர்வரை வைத்து அதன் வழியாகப் பேசுகிறது. கெட்டிக்காரத்தனமான வேலை. ஆனால் உங்கள் கணக்கின் சாவி அந்த நடு சர்வரில் இருக்கும். சொந்தக் கணக்கைக் கொடுக்காதீர்கள், விளையாட்டுக்கென்று ஒன்று தனியாக வையுங்கள்.

ஏமாற்று வேலைகள்

"ஜாவா போனுக்கு வாட்ஸ்அப் ஜார், 2026 புதிய பதிப்பு" என்று தளங்கள் இன்னமும் இருக்கின்றன. பழைய அசல் ஃபைலாக இருந்தால் வேலை செய்யாது, புதிது என்றால் அது வாட்ஸ்அப் அல்ல. 2006-லேயே ரெட்பிரவுசர் என்ற ஜாவா ஆப், நெட் இல்லாமலே தளம் பார்க்கலாம் என்று சொல்லி உள்ளே புகுந்து, காசு பிடிக்கும் எண்களுக்கு ஓசைப்படாமல் எஸ்எம்எஸ் அனுப்பியது. எந்த ஜார் ஆப்பாவது மெசேஜ் அனுப்ப அனுமதி கேட்டால் மறுத்துவிட்டு நீக்குங்கள். "வாட்ஸ்அப் போட்டுத் தருகிறேன்" என்று பணம் கேட்கும் கடையிலும் இதே எச்சரிக்கை. ஐகான் வந்தால் போதாது, உங்கள் கண் முன்னால் ஒரு மெசேஜ் போய், பதில் வரட்டும். பிறகு காசைக் கொடுங்கள்.

பேலன்ஸ் காரணமில்லாமல் குறைந்தால், ஏதோ ஒரு சேவையில் எண் சிக்கியிருக்கிறது. 155223 என்ற இலவச எண்ணை அழைத்தால் உங்கள் எண்ணில் ஓடும் கட்டணச் சேவைகளை நிறுத்தலாம். போனை அம்மா அப்பா கையில் கொடுக்கும் முன் அந்த எண்ணையும் கான்டாக்டில் சேர்த்துவிடுங்கள்.